இடுப்பில் மணி, உள்ளே பக்கத்து வீட்டுக்காரர்: பாஸ்க் விழாக் குழுக்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கூம்புத் தொப்பி, ஆட்டுத்தோல், முதுகுக்குக் கீழே இரண்டு பெரிய மணிகள். இந்தக் கோலத்தில் ஆட்கள் இரட்டை வரிசையாக மலைச்சாலையில் நடந்து வரும் படத்தைப் பார்த்தவர்கள் அடுக்கடுக்காகக் கேள்வி கேட்கிறார்கள். அவற்றையும், அவற்றை ஒட்டி எழும் வேறு சிலவற்றையும் இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறேன். மணிக்காரர்களுக்கும், பிரான்ஸ் பக்கத்து வட்டாரமான சுபெரோவாவின் குதிரைக்காரருக்கும் கூடுதலாக இடம் போயிருக்கும். அது என் ஓரவஞ்சனை.

பாஸ்க் நாடு எங்கே இருக்கிறது?

பிரனீஸ் மலைத்தொடரின் மேற்கு முனையில், பிஸ்கே விரிகுடாவை ஒட்டி. உலக வரைபடத்தில் தனி நாடாகத் தேடினால் கிடைக்காது. பாஸ்க் மக்கள் தங்கள் நிலத்தை ஏழு வட்டாரங்களாக எண்ணுவார்கள். நான்கு ஸ்பெயினில், மூன்று பிரான்ஸில். அவர்களுடைய மொழி எவுஸ்கரா. வேறு எந்த மொழியோடும் அதற்கு உறவு நிறுவப்படவில்லை. விழாக் குழுக்களின் பெயர்கள் நாக்கில் புரள மறுப்பதற்கு அதுவே காரணம். ஒன்றை மட்டும் நினைவில் வைத்தால் போதும்: ‘அக்’ என்று முடிந்தால் பன்மை. யோவல்துன் ஒருவர், யோவல்துனாக் பலர்.

அந்த மணிக்காரர்கள் யார்?

அவர்கள்தான் யோவல்துனாக். ஸ்பெயின் பக்கத்து வட்டாரமான நவார்ராவின் வடபகுதியில், மலைகளுக்கு நடுவே இத்துரென், சுபியேத்தா என்று இரண்டு சிற்றூர்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் சில நூறு பேர்தான் வாழ்கிறார்கள். யோவாரே என்றால் ஆட்டுக்கும் மாட்டுக்கும் கட்டும் மணி. யோவல்துன் என்றால் மணி உடையவர். பெயரில் இதைவிட மர்மம் எதுவும் இல்லை.

சிலர் அவர்களை ‘சம்பான்சார்’ என்கிறார்களே?

ஸ்பானியப் பத்திரிகைகளில் அந்தப் பெயர் அடிபடும். சம்பான்சார் என்பது உண்மையில் வேறொரு பாத்திரம்: பெருவயிற்றுப் புனிதர் என்று கேலியாகப் பெயர் சூட்டப்பட்ட, கார்னிவல் என்னும் தவக்காலத்துக்கு முந்தைய கொண்டாட்டத்தின் பொம்மை. கார்னிவல் முடிவில் அவரைக் கொளுத்துவது பல ஊர்களில் வழக்கம். விழாவின் பெயர் மணிக்காரர்கள் மேல் ஒட்டிக்கொண்டது. ஊர்க்காரர்களிடம் யோவல்துனாக் என்றே சொல்லுங்கள்.

அவர்கள் என்னென்ன அணிகிறார்கள்? எப்படிக் கட்டுகிறார்கள்?

கீழிருந்து தொடங்கலாம். காலில் அபர்க்கா எனப்படும் தோல் செருப்பு. வாரை கணுக்காலுக்கு மேல் வரை சுற்றிக் கட்டுவார்கள். மேலே நீலநிற வேலைக் கால்சட்டை. அதன்மேல், பார்ப்பவர் சற்றும் எதிர்பாராத ஒன்று: பின்னல் ஓரம் வைத்த வெள்ளை உள்பாவாடை. அதன்மேல் இடுப்பைச் சுற்றி ஆட்டுத்தோல். இத்துரென்காரர்கள் தோளிலும் ஒரு தோலைப் போர்த்துவார்கள். சுபியேத்தாக்காரர்களுக்கு இடுப்பில் மட்டும்தான். எந்த ஊர் வரிசை வருகிறது என்பதை இதை வைத்தே சொல்லிவிடலாம். தலையில் துந்துர்ரோ என்னும் உயரமான கூம்புத் தொப்பி. அதில் வண்ண நாடாக்கள், உச்சியில் சேவல் இறகு. வலது கையில் குதிரை வால் முடியால் ஆன சாமரம் போன்ற ஒன்று.

மணிகள் கடைசியில்தான் வரும். இந்தக் கோலத்தைத் தனியாக யாராலும் கட்டிக்கொள்ள முடியாது. மணிக்காரர் நிற்பார், உதவிக்கு வந்தவர்கள் நீளமான கயிற்றை இடுப்பிலும் மார்பிலும் சுற்றிச் சுற்றி, முழுப் பலத்தோடு இழுத்து முடிச்சுப் போடுவார்கள். கயிறு இளகினால் மணி தொங்கி ஆடும். ஆடினால் அடி தவறும். ஒருவருக்கு அடி தவறினால் மொத்த வரிசையின் ஒலியும் கலைந்துவிடும். ஆகவே மூச்சு முட்டும் அளவுக்கு இறுக்குவார்கள். சாலையில் நாம் பார்ப்பது பாதிதான். வாசலில் நின்று ஒருவர் இன்னொருவரைக் கட்டுவது மற்றப் பாதி.

அது நடையா, நடனமா?

நடைதான். ஆனால் நிமிர்ந்த உடலோடு, ஒவ்வொரு அடிக்கும் இடுப்பை ஒரு வெட்டு வெட்டி நடக்கும் நடை. அந்த வெட்டில்தான் மணி அடிக்கிறது. கையிலுள்ள முடிக்கற்றையும் அதே கணக்கில் வீசப்படும். மேளம் இல்லை, பாட்டு இல்லை. எல்லோருடைய மணியும் ஒரே மணியாகக் கேட்க வேண்டும் என்பதே இலக்கு. தூரத்திலிருந்து கேட்டால் ஏதோ பெரிய இயந்திரம் ஊருக்குள் வருவதுபோல இருக்கும். பக்கத்தில் வந்ததும், அதனூடே மனிதர்கள் மூச்சு வாங்குவதும் கேட்கும்.

மணிக்காரர் விழாவின் இரண்டு நாட்களில் என்ன நடக்கிறது?

சனவரி மாதத்தின் கடைசி ஞாயிற்றை அடுத்த திங்களும் செவ்வாயும்தான் விழா. திங்களன்று சுபியேத்தாவின் மணிக்காரர்கள் இத்துரெனுக்கு நடக்கிறார்கள். செவ்வாயன்று இத்துரென்காரர்கள் சுபியேத்தாவுக்கு நடந்து கடன் தீர்க்கிறார்கள். இரண்டுக்கும் நடுவில் அவுர்த்தித்ஸ் என்ற குடியிருப்பு இருக்கிறது. அங்கேதான் இரு தரப்பும் சந்தித்து ஒரே வரிசையாகச் சேரும். அதுவரை இரண்டாக வந்த ஒலி சற்று நேரம் முட்டி மோதிப் பிறகு ஒன்றாகும். விழாவிலேயே எனக்குப் பிடித்த கட்டம் அதுதான்.

உடன் ஒரு கரடியும் வரும். தோல் போர்த்த ஒருவரைச் சங்கிலியில் கட்டி இன்னொருவர் இழுத்து வருவார். கரடி கூட்டத்தின் மேல் பாயும். இத்துரெனில் வண்டிகளும் வரும். அவற்றின் மேல் உள்ளூர்க்காரர்கள் அருவருப்பும் சிரிப்பும் கலந்த காட்சிகளை நடத்துவார்கள். வெள்ளைச் சட்டையில் போகாதீர்கள்.

தீய ஆவிகளை விரட்டவா இப்படி நடக்கிறார்கள்?

சுற்றுலா ஏடுகள் அப்படித்தான் எழுதுகின்றன: குளிர்காலத்தில் உறங்கும் நிலத்தை எழுப்புகிறார்கள், மந்தையைக் காக்கிறார்கள், கெட்டதை விரட்டுகிறார்கள். இருக்கலாம். குளிர்கால முடிவில் மணி அடித்து வரும் முகமூடிக்காரர்கள் பல்கேரியாவிலும் சார்தீனியாவிலும் ஆல்ப்ஸ் மலை ஊர்களிலும் உண்டு. ஆனால் ‘கிறிஸ்தவத்துக்கு முந்தியது’, ‘ஆயிரக்கணக்கான ஆண்டுப் பழமை’ என்று உறுதியாக எழுதுபவர்கள் கையில் சான்று வைத்துக்கொண்டு எழுதுவதில்லை. நடப்பவரைக் கேட்டால் அவருடைய பதில் எளிமையாக இருக்கும்: அப்பா நடந்தார், நானும் நடக்கிறேன். எனக்கு அந்தப் பதிலே போதும்.

ஃபிராங்கோ காலத்தில் இவை தடை செய்யப்பட்டனவா?

ஆம். ஸ்பானிய உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்த 1937இல், பின்னாளில் ஸ்பெயினின் சர்வாதிகாரியான ஃபிராங்கோவின் தரப்பு கார்னிவலுக்குத் தடை போட்டது. முகத்தை மூடிக்கொண்டு அதிகாரத்தைக் கேலி செய்யும் விழாவை எந்தச் சர்வாதிகாரிக்குப் பிடிக்கும்? பல ஊர்களில் விழா அற்றுப்போனது.

நவார்ராவின் தலைநகரான பாம்ப்லோனாவுக்கு வடக்கே உள்ள லாந்த்ஸ் அப்படி அற்றுப்போன ஊர்களில் ஒன்று. 1964இல், மானுடவியலாளர் ஹூலியோ காரோ பரோஹாவும் அவருடைய தம்பி பீயோவும் அங்கே படம்பிடிக்கச் சென்றபோது, முதியவர்களின் நினைவைத் துணையாகக் கொண்டு ஊர் தன் கார்னிவலை மீட்டெடுத்தது. அதில் வரும் மியேல் ஓச்சின் சுமார் மூன்று மீட்டர் உயரமுள்ள வைக்கோல் கொள்ளைக்காரன். ஒருவர் தோளில் தூக்கிச் சுமப்பார். சிரிப்போத் என்பவர் உடம்பெல்லாம் வைக்கோல் திணித்த சாக்கு கட்டிய குண்டர். சால்திக்கோ என்ற குதிரை ஓடிவந்து அவரை இடித்துத் தள்ளிக்கொண்டே இருக்கும். விழுந்தால் அவரால் தானாக எழ முடியாது. யாராவது தூக்கிவிட வேண்டும். முகத்தைத் துணியால் மூடிய சாச்சோக்கள் துடைப்பத்தோடு கத்திக்கொண்டு ஓடுவார்கள். திருநீற்றுப் புதனுக்கு முந்தைய செவ்வாயன்று மியேல் ஓச்சினைத் துப்பாக்கியால் சுட்டு, தீயிலிட்டு, சுற்றி ஆடுவார்கள்.

இத்துரெனும் சுபியேத்தாவும் ஒதுக்குப்புறமாக இருந்ததால் மணி ஓயாமல் தப்பித்தன. பிறகு, விழாக்கள் மீண்ட காலத்தில், பாஸ்க் நிலமெங்கும் மற்ற ஊர்கள் தங்களுக்கென்று யோவல்துன் குழுக்களை அமைத்துக்கொண்டன.

பிரான்ஸ் பக்கத்திலும் இப்படி உண்டா?

உண்டு. சுபெரோவா என்ற சிறிய வட்டாரத்தின் மஸ்கராதாவை நான் மணிக்காரர்களுக்கு இணையாக வைப்பேன். ஒவ்வோர் ஆண்டும் ஓர் ஊரின் இளைஞர்கள் அந்தப் பொறுப்பை எடுத்துக்கொள்வார்கள். குளிர்காலம் தொடங்கி வசந்தம் வரை ஞாயிறுகளில் அக்கம்பக்கத்து ஊர்களுக்குப் போய் ஆடுவார்கள். காலையில் ஊருக்குள் நுழையும்போது வழியில் தடுப்பு போட்டிருக்கும். அதன் முன் ஆடிக் காட்ட வேண்டும்; ஆடினால் மதுவும் தின்பண்டமும் தந்து வழிவிடுவார்கள். சற்றுத் தள்ளி அடுத்த தடுப்பு. மதியச் சாப்பாடு முடிந்ததும் ஊர்ச் சதுக்கத்தில் முழு ஆட்டம்.

முன்னணியில் ஐந்து பேர். முடிக்கற்றையால் வழியைப் பெருக்கிக்கொண்டு வரும் செர்ரேரோ, நீண்டு மடங்கும் மரக் கத்தரிக்கோலை வைத்து விளையாடும் பூனைக்காரர் காத்துசைன், படையோடு மது விற்றுக்கொண்டு போகும் பெண்ணான காந்தினியேர்சா (மரபுப்படி ஆண் வேடம்), கொடி வீசுபவர், இவர்களோடு குதிரைக்காரர் சமல்சைன். பொய்க்கால் குதிரையில் இருப்பதுபோல இடுப்பில் ஒரு குதிரைக் கூடு மாட்டியிருப்பார். கட்டைக் கால் மட்டும் இல்லை. தலையில் பூவும் கண்ணாடியும் நாடாவும் வைத்த கிரீடம்.

தரையில் ஒரு கண்ணாடிக் கோப்பையை வைத்து ஒயின் ஊற்றுவார்கள். ஐவரும் அதைச் சுற்றி ஆடுவார்கள். கால்கள் கோப்பையை உரசுவதுபோலப் போய் விலகும். குதிரைக் கூடு இடுப்பைச் சுற்றி இருப்பதால் சமல்சைனுக்குத் தன் பாதத்தைப் பார்க்க வழியில்லை. இசையின் கணக்கையும் காலின் நினைவையும் நம்பித்தான் ஆட வேண்டும். கடைசியில் அவர் ஒரு காலைக் கோப்பையின் விளிம்பில் ஊன்றி ஏறி நிற்பார். மறுகாலால் காற்றில் சிலுவை வரைவார். அங்கிருந்து துள்ளி இறங்குவார். ஒயின் சிந்தக் கூடாது.

மஸ்கராதாவில் ‘கறுப்பர்கள்’ என்று ஒரு கூட்டம் வருகிறதாமே?

குழு இரண்டாகப் பிரிந்திருக்கும். சிவப்பர்கள் ஒழுங்கு: சுத்தமான உடை, அளந்த அடி. கறுப்பர்கள் கலகம்: கந்தல், கூச்சல், ஏச்சு. பெயர் குறிப்பது அந்தக் கோலத்தைத்தான். பாத்திரத்துக்கு ஈயம் பூசுபவர்களும் நாடோடிகளும் அவர்களில் வருவார்கள். நாடோடித் தலைவர் ஊர் நடப்பை, மேயர் முதற்கொண்டு, பிய்த்து உதறி ஒரு பிரசங்கம் செய்வார். பீச்சு என்ற பாத்திரம் செத்து, உயிலும் வாசிக்கப்பட்டு, பிறகு எழுந்து உட்காரும். எவுஸ்கரா தெரியாமல் போனால் இந்தப் பகுதி முழுவதும் கைநழுவிப்போகும். உங்களைத் தவிர எல்லோரும் சிரித்துக்கொண்டிருப்பார்கள். நாடோடி மக்களைக் கோமாளியாக்கும் பழைய பழக்கம் இதில் ஒட்டியிருப்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

பாம்ப்லோனாவில் காளைகளைத் தவிர வேறு என்ன இருக்கிறது?

காளைகளை வீதியில் ஓடவிடுவதற்குப் பெயர்போன, சூலை 6 முதல் 14 வரை நடக்கும் சான் ஃபெர்மின் விழாவில், ஊர்க் குழந்தைகளைக் கேட்டால் காளையைச் சொல்ல மாட்டார்கள். ராட்சத பொம்மைகளைச் சொல்வார்கள். ஐரோப்பா, ஆசியா, ஆப்பிரிக்கா, அமெரிக்கா என்று நான்கு கண்டங்களின் அரசரும் அரசியுமாக எட்டுப் பொம்மைகள். 1860இல் பாம்ப்லோனாக் கைவினைஞர் ததேயோ அமோரெனா செய்தவை. இன்றும் வீதியில் ஆடுவது அவையேதான். ஓசியானியாவுக்கு மட்டும் அரசரும் இல்லை, அரசியும் இல்லை.

ஒவ்வொரு பொம்மையும் சுமார் 60 கிலோ. உள்ளே ஓர் ஆள் நுழைந்து, சட்டத்தைத் தோளில் ஏற்றி, துணியிலுள்ள சிறு திறப்பு வழியே வீதியைப் பார்த்தபடி சுழல்வார். சுழலும்போது அங்கி குடைபோல விரியும். பொம்மையின் கைகள் வீசும். களைத்ததும் இன்னொருவர் உள்ளே போவார். கூடவே பெருந்தலை பொம்மைகள் ஐந்து, சால்திக்கோ குதிரைகள் ஆறு, கிலிக்கிகள் ஆறு; ஆக மொத்தம் 25. கிலிக்கிகள் பஞ்சுத் தடியால் பிள்ளைகளைத் துரத்தி அடிப்பார்கள். அவர்களில் பெயர்பெற்றவர் கராவினாக்ரே, அதாவது ‘வினிகர் மூஞ்சி’. அழுதுகொண்டே ஓடும் பிள்ளை இரண்டு நிமிடத்தில் மறுபடி அவரையே தேடி வரும்.

சூப்பானை விட வேண்டிய வயது வந்த குழந்தை, அதை ராட்சதருக்கே கொடுத்துவிடும் வழக்கமும் உண்டு. பொம்மையின் கையில் சூப்பான்கள் தொங்குவதைப் பார்த்தால் குழம்ப வேண்டாம். வீட்டில் பெற்றோர் சொல்லிக் கேட்காததை அரசர் வாங்கிக்கொள்கிறார்.

குழந்தையை விழுங்கும் பொம்மை எங்கே?

பில்பாவோ நகரில். பெயர் கார்கான்துவா, முதலில் செய்யப்பட்டது 1854இல். சாப்பாட்டு மேசை முன் உட்கார்ந்திருக்கும். பிள்ளைகள் வாய் வழியாக உள்ளே போய், சறுக்கி, பின்பக்கமாக வெளியே வருவார்கள். அதற்குமேல் விளக்கம் தேவையில்லை.

சான் செபாஸ்தியானில் சமையல்காரர்கள் ஏன் முரசு கொட்டுகிறார்கள்?

சனவரி 20 அந்த நகரின் புனிதரின் நாள். 19ஆம் தேதி நள்ளிரவில் அரசியலமைப்புச் சதுக்கத்தில் கொடி ஏறியதும் தொடங்கும் முரசு, மறுநாள் நள்ளிரவு கொடி இறங்கும்வரை ஊரில் எங்காவது ஒலித்துக்கொண்டே இருக்கும். ஒரு பகுதியினர் நெப்போலியன் காலத்துப் படைவீரர் சீருடையில். மற்றவர்கள் வெள்ளைச் சமையல் உடையில். நீரூற்றில் தண்ணீர் பிடிக்க நின்றவர்கள், அவ்வழியே போன படையின் முரசைத் தங்கள் பாத்திரங்களில் தட்டிக் கேலி செய்ததிலிருந்து இது பிறந்தது என்று கதை சொல்வார்கள். சமையல் உடைக்கு இன்னொரு காரணமும் உண்டு. ஆண்கள் கூடிச் சமைத்துச் சாப்பிடும் சங்கங்கள் அந்த ஊரில் ஏராளம்; முரசுக் குழுக்கள் பல அவற்றிலிருந்து வந்தவை. கொட்டும் இசை ராய்முந்தோ சார்ரியேகியுடையது. நகரின் அணிவகுப்புப் பாட்டை அவர் 1861இல் அமைத்தார்.

பெண்களுக்கு இடம் உண்டா?

இன்று உண்டு, சும்மா கிடைக்கவில்லை. சான் செபாஸ்தியானில் பெரியவர்களின் முரசுக் குழுவொன்றில் பெண்கள் சேர்ந்தது 1980இல்தான். மணிக்காரர் குழுக்கள் பலவற்றில் இப்போது பெண்களும் மணி கட்டுகிறார்கள், மஸ்கராதாவிலும் ஆடுகிறார்கள். ‘மரபு கெட்டுவிடும்’ என்றவர்கள் அங்கேயும் இருந்தார்கள். மணிக்கு யார் இடுப்பு என்று தெரியவில்லை.

வெள்ளைச் சட்டை, சிவப்புக் கழுத்துத்துணி பழைய மரபு உடைதானே?

பாம்ப்லோனாவில் அது 1930களில் ஒரு விழாக் குழு அணியத் தொடங்கிப் பரவியது. தாத்தா காலத்து உடை, அதற்குமுன் இல்லை. வித்தோரியா நகரில் ஆகஸ்ட் 4 முதல் 9 வரை நடக்கும் விழாவில், புளூசாக்கள் என்ற குழுக்கள் கருமையான விவசாயத் தொளதொளச் சட்டையில் பாட்டும் இசையுமாக வீதி சுற்றும். அங்கே விழாவைத் தொடங்கிவைக்கும் செலெதோன் என்ற பொம்மை, குடை பிடித்தபடி தேவாலயக் கோபுரத்திலிருந்து கம்பியில் இறங்கி வருவது 1957இலிருந்துதான்.

ஒரே ஆள் குழலும் முரசும் வாசிக்கிறாரே, எப்படி?

குழலின் பெயர் சிஸ்து. அதில் மூன்றே துளைகள். இடது கை ஒன்றே போதும். அதே கையில் சிறு முரசைத் தொங்கவிட்டு வலது கையால் அடிப்பார். சுபெரோவாவில் முரசுக்குப் பதில் துந்துன் என்ற தந்திக் கருவி: ஆறு தந்திகளைக் குச்சியால் தட்ட, தாளமும் சுருதியும் ஒன்றாகக் கிடைக்கும்.

புலம்பெயர்ந்த பாஸ்க் மக்களிடையே?

அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்துக்கு ஆடு மேய்க்கப் போனவர்களின் வாரிசுகள் பாய்ஸீ நகரில் இருக்கிறார்கள். 1960இல் அங்கே தொடங்கப்பட்ட ஒயின்காரி நடனக் குழு இன்றும் ஆடுகிறது. 1987இல் முதன்முதலாக நடந்த யாயால்தி விழா, ஐந்தாண்டுக்கு ஒருமுறை என்ற கணக்கில், பாஸ்க் மக்களை அங்கே கூட்டுகிறது.

காசு கொடுத்து மணிக்காரர்களை அழைக்கலாமா?

மணிக்காரர் குழுக்கள் அழைப்பின்பேரில் மற்ற ஊர் விழாக்களுக்கும் போகின்றன. ஆனால் கட்டணம் பேசி ஆடும் தொழிற்குழுவாக அவர்களை நினைத்துக்கொண்டு இத்துரெனுக்குப் போகாதீர்கள். தோலுக்குள் இருப்பவர் அந்த ஊர்த் தச்சராக, ஆசிரியராக, ஆடு வளர்ப்பவராக இருப்பார். சனவரி முடிவில் அவர் நடப்பது பக்கத்து ஊர்க்காரர்களுக்காக. நமக்கு ஓரத்தில் நின்று பார்க்க இடம் தருகிறார்கள்.

மணிக்காரர்களை நேரில் பார்க்க எப்போது, எப்படிப் போவது?

முந்தைய இரவு பாம்ப்லோனாவில் தங்கி, காலையிலேயே கிளம்பிவிடுங்கள். மலையில் மழையும் குளிரும் சேர்ந்தே இருக்கும். நனையாத காலணி அவசியம். படம் எடுக்கலாம். ஆனால் வரிசைக்கு முன்னால் போய் நிற்காதீர்கள். கட்டிய மணியோடு சட்டென்று நிற்பது அவர்களுக்கு எளிதில்லை. தேதியைக் கணக்கிடும்போது ஒன்றைக் கவனியுங்கள்: மாதம் மாறிப்போகலாம். 2027இல் சனவரி 31 ஞாயிறு. எனவே கணக்குப்படி இத்துரெனின் நாள் பிப்ரவரி 1, சுபியேத்தாவின் நாள் பிப்ரவரி 2.